பாரத்தில் எழுதிய ‘போயிட்டு வரேன்’

எங்கள் வீட்டு வரிசையில் எல்லாரும் என்னைக் கிராணி அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். தோட்டத்தில் கணக்கு எழுதுகிறவரைக் கிராணி என்று சொல்லிப் பழகியவர்கள் நாங்கள். தோட்டத்தை விட்டு உலு திராமுக்கு வந்து ஒரு தலைமுறை ஆகிவிட்டது. ஆனாலும் பேனா பிடித்து வேலை செய்கிற யாரைப் பார்த்தாலும் எங்கள் ஆட்களுக்கு அந்தப் பெயர்தான் வாயில் வரும். நான் ஒரு தமிழ்ப்பள்ளியில் அலுவலக எழுத்தர். பள்ளிதான் தமிழ்ப்பள்ளி, என் மேசைக்கு வருகிற காகிதமெல்லாம் மலாய். காலையிலிருந்து சாயங்காலம்வரை பள்ளியில் மலாய்ப் பாரம் நிரப்புவேன், பாரம் என்றால் எங்களுக்குப் படிவம். வீட்டுக்கு வந்தால் அக்கம்பக்கத்தார் கொண்டுவந்து வைத்திருக்கிற பாரங்களை நிரப்புவேன்.

பிறப்புச் சான்றிதழ், பள்ளி உதவித்தொகை, குழாய்த் தண்ணீர்ப் புகார் என்று எதுவாக இருந்தாலும் வருவார்கள். கூலியாக ஒரு சீப்பு வாழைப்பழமோ ஒரு பொட்டலம் முறுக்கோ கிடைக்கும். எனக்கு அதில் கர்வம் உண்டு, மறைக்க மாட்டேன். பரீட்சையில் மலாய்ப் பாடத்துக்கு முதல் தரம் வாங்கியவள் நான். பாரம் நிரப்புவதில் எனக்கென்று ஒரு சட்டமும் வைத்திருந்தேன். கேட்ட கேள்விக்கு மட்டும்தான் பதில். கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது, சொன்னதைச் சொன்னபடி எழுத வேண்டும். “அக்கா, வயசுல ரெண்டு கொறச்சுப் போடுங்களேன்” என்று யாராவது குழைந்தால் பேனாவை மூடிவிடுவேன்.

இந்தச் சட்டம்தான் என் வீட்டுக்காரருக்கு ஒரு காலும் ஒரு பிழைப்பும் கிடைக்காமல் செய்யப் பார்த்தது. ஊருக்கெல்லாம் எழுதிக் கொடுத்த கை, கட்டின கணவனுக்கு எழுதியபோது சொதப்பிய கதை இது.

அவர் தெப்ராவ் பக்கம் ஒரு மரச்சாமான் தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிக்கொண்டிருந்தார். கல்யாணமான நாளிலிருந்து அதே தொழிற்சாலை, அதே சாலை. மூன்று மோட்டார் மட்டும் மாறியிருக்கிறது. மோட்டார் என்றால் எங்களுக்கு மோட்டார் சைக்கிள், காடி என்றால் கார். காலையில் ஆறரைக்குள் கிளம்பிவிட வேண்டும். கொஞ்சம் தாமதித்தால் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகிற மோட்டார்க் கூட்டத்தில் மாட்டிக்கொள்வார். மனுஷருக்கு வாய் சும்மா இருக்காது. காலை நேரத்தில் நான் சிடுசிடுவென்று இருப்பேன், அவர் அப்போதுதான் கிண்டலை ஆரம்பிப்பார். இருபது வருஷமாக ஒருவர் குணத்தை ஒருவர் மாற்றப் பார்த்துத் தோற்றுப்போயிருந்தோம். எனக்கு அவரை மிகவும் பிடிக்கும். அதை அவரிடம் சொல்கிற வழக்கம்தான் இல்லை.

என்னிடம் ஒரு மல்லிகைச் செடி இருந்தது. பழைய சாய டின்னில் வைத்திருந்தேன், டின் துருப்பிடித்து அடி விட்டுப்போயிருந்தது. மண்பாண்டத்துக்குப் பேர்போன ஆயர் ஈத்தாம் போய் நல்லதாக இரண்டு மண்தொட்டி வாங்கலாம் என்று அவர் மூன்று தடவை சொல்லி, மூன்று தடவையும் தட்டிப்போயிற்று. நான்காவதாக ஒரு சனிக்கிழமை முடிவானது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் வந்து, “நாளைக்கு ஓட்டி இருக்கு, அரைநாள்தான்” என்றார். ஓட்டி என்றால் கூடுதல் நேர வேலை. சனிக்கிழமை வேலைக்கு யார் யார் வருவது என்று மேற்பார்வையாளர் வெள்ளைப் பலகையில் பெயர் எழுதிப் போடுவார். திங்கட்கிழமை காலையில் அழித்துவிடுவார்கள். சம்மதம் இருந்தால் போகலாம், கட்டாயம் இல்லை. இவர் சம்மதித்துவிட்டு வந்திருந்தார்.

எனக்குக் கோபம். இரவுச் சோறு போட்டபோதும் பேசவில்லை. காலையில் காப்பியை ணங்கென்று வைத்தேன். கம்பெனிச் சட்டைகள் இரண்டும் வாளியில் ஊறிக்கொண்டிருந்தன. வடக்கே கல்லூரியில் படிக்கிற எங்கள் மகள், பள்ளிக்காலத்து விளையாட்டுப் போட்டியில் வாங்கி வந்த பழைய டீ சட்டை ஒன்றை எடுத்துப் போட்டுக்கொண்டார். மோட்டாரை வெளியே தள்ளி, தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டு, கேட்டருகில் நின்று சொன்னார்: “போயிட்டு வந்துடறேன்மா. மத்தியானம் ஆயர் ஈத்தாம் போலாம்.”

நான் கேட்டைச் சாத்தினேன்.

ஏழு மணிகூட ஆகியிருக்காது. யாரோ அவருடைய தொலைபேசியிலிருந்து என்னை அழைத்தார்கள். தெப்ராவ் போகிற பெரிய சாலையில், விளக்குச் சந்திப்பில் பச்சை விழுந்து இவர் நேராகப் போயிருக்கிறார். பக்கத்தில் வந்த லோரி இவரைப் பார்க்காமல் இடப்பக்கம் திரும்பியிருக்கிறது. நான் ஜொகூர் பாருவில் பெரியாஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது மருத்துவர் ஒரு பாரத்தை நீட்டினார். இடது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்தால்தான் உயிர் தங்கும் என்றார். என் வாழ்நாளில் நான் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போட்ட பாரம் அது ஒன்றுதான்.

அவர் அறுவை அறைக்குள் இருந்த நேரத்தில் கம்பெனியின் ஆள்வள அலுவலர் வந்து சேர்ந்தார். நல்ல மனுஷர், என்னைவிட அவர்தான் அதிகம் பதறிப்போயிருந்தார். வேலைக்குப் போகிற வழியில் விபத்து என்றால் தொழிலாளர் காப்புறுதி அலுவலகத்துக்கு அறிக்கை போக வேண்டும், குடும்பத்தாரின் வாக்குமூலம் ஒன்றும் வேண்டும் என்றார். “ஒங்களுக்குத்தான் எழுதத் தெரியுமே அக்கா, பிறகுகூட குடுக்கலாம்லா” என்றார். நான் பிறகு என்று எதையும் வைத்துக்கொள்கிற ஆள் இல்லை. அங்கேயே பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, மடியில் கைப்பையை வைத்து, அதன்மேல் தாளை வைத்து எழுதினேன். ‘சம்பவத்தன்று காலையில் நடந்ததை உங்கள் சொந்த வார்த்தைகளில் எழுதவும்’ என்று மலாயில் கேட்டிருந்தது.

நான் எழுதியது இவ்வளவுதான். காலை ஐந்தரைக்கு எழுந்தார். காப்பி குடித்தார். மோட்டாரை எடுத்தார். தாம் போய்த் திரும்பி வருவதாகவும், மதியம் இருவரும் பூத்தொட்டி வாங்க ஆயர் ஈத்தாம் போகலாம் என்றும் சொன்னார். நான் கேட்டைச் சாத்தினேன். ‘போயிட்டு வந்துடறேன்’ என்பதை ‘பெர்கி டான் பாலிக் செமுலா’ என்று சொல்லுக்குச் சொல் மலாயாக்கி, எழுத்துப்பிழை இருக்கிறதா என்று ஒரு தடவை பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டேன். வேலைக்குப் போனார் என்று எழுதவில்லை. கம்பெனியின் பெயர்தான் பாரத்தின் தலையிலேயே அச்சடித்திருக்கிறதே, வேறு எங்கே போவார் என்று நினைத்துக்கொண்டேன். கேட்காததை எழுதக் கூடாது அல்லவா.

அவர் பிழைத்தார். மூன்றாம் நாள் கண்ணைத் திறந்து, போர்வையின் கீழே ஒரு பக்கம் தட்டையாகக் கிடந்ததை நெடுநேரம் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்து, “தொட்டி வாங்கலல்ல?” என்று கேட்டார். எனக்கு வந்த அழுகையில் பக்கத்துக் கட்டிலில் இருந்த சீனப் பெரியவர் தாதியைக் கூப்பிட்டுவிட்டார்.

வீட்டுக்குக் கொண்டுவந்து இரண்டு மாதம் கழித்து அந்தக் கடிதம் வந்தது. மலாயில் ஒன்றரைப் பக்கம், தப்பே இல்லாத நல்ல நடை. விபத்து நடந்தது வார விடுமுறை நாளில். அன்று அவருக்கு வேலை இருந்ததற்கு எழுத்துச் சான்று எதுவும் கம்பெனியிடம் இல்லை. காப்புறுதி பெற்றவர் வேலைச் சீருடையில் இல்லை. அவருடைய மனைவியின் வாக்குமூலப்படி, அவர் சொந்தக் காரியமாக வெளியே போய்விட்டுத் திரும்பி வந்து, குடும்பத்துடன் வெளியூர் போகிற எண்ணத்தில் இருந்திருக்கிறார். ஆகவே இதை வேலைக்குச் செல்லும் வழியில் நேர்ந்த விபத்தாகக் கருத இயலவில்லை. மேல்விவரம் இருந்தால் மறுபரிசீலனைக்கு எழுதலாம்.

அடுக்களையில் நின்றபடியே நான்கு தடவை படித்தேன். அலுவலகத்தின்மேல் கோபப்பட ஆசையாக இருந்தது, முடியவில்லை. என் மேசைக்கு அப்படி ஒரு வாக்குமூலம் வந்திருந்தால் நானும் அதைத்தான் எழுதியிருப்பேன். அந்த அலுவலகம் ஒப்புக்கொண்டால் மாதாமாதம் உதவித்தொகை வரும், செயற்கைக் கால் வரும், மறுபடியும் ஏதாவது வேலைக்குப் போகப் பயிற்சி வரும். ஒப்புக்கொள்ளாவிட்டால் இரண்டு ஊன்றுகோலோடு அவர் வாசலில் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். ஃபோர்க்லிஃப்டில் அவர் இனி ஏற முடியாது. அந்த இரண்டுக்கும் நடுவில் என் கையெழுத்து கிடந்தது.

கடிதத்தைத் துணி அலமாரியில் புடவைக்குக் கீழே ஒளித்து வைத்தேன். இரண்டு நாள் அவர் முகத்தைப் பார்த்துப் பேச முடியவில்லை. மூன்றாம் நாள் மாலை நான் பள்ளியிலிருந்து வந்தபோது அவர் கட்டிலில் உட்கார்ந்து அதைப் படித்துக்கொண்டிருந்தார். ஒரு காலோடு அலமாரி வரைக்கும் நொண்டிப் போய்த் தேடி எடுத்திருக்கிறார். நான் வாசற்படியிலேயே நின்றுவிட்டேன்.

“இங்க வா,” என்றார். போனேன். “கல்யாணமாகி இத்தனை வருஷத்துல நான் சொன்னத நீ ஒழுங்கா காதுல வாங்கினது இதான் மொத தடவ. அதையும் எழுதிக் குடுத்துட்டியே.”

சிரிக்கிறார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. “சிரிக்காதீங்க, ஒங்க காலு போச்சு, இப்ப பொழப்பும் போச்சு, எல்லாம் என்னால” என்று கத்தினேன்.

“காலு லோரியால போச்சு. அதுலயும் நீ பங்குக்கு வராத,” என்றார்.

மறுபரிசீலனைக்கு நானே எழுதினேன். இந்தத் தடவை என் சட்டத்தைத் தூக்கித் தூரப் போட்டுவிட்டு, கேட்டது கேட்காதது எல்லாவற்றையும் ஆறு பக்கத்துக்கு எழுதினேன். பதில் வருகிற வரைக்கும் வீட்டில் எனக்குச் சிறை. அவர் ஒரு புது விளையாட்டைக் கண்டுபிடித்திருந்தார். குளியலறைக்குப் போவதானாலும் ஊன்றுகோலைக் கக்கத்தில் கொடுத்து எழுந்து நின்று, “போறேன்” என்பார். கூடத்திலிருந்து வாசலுக்கு, “போறேன்.” பக்கத்து வீட்டு அக்கா இருக்கும்போதுகூட, “போறேன்.” அந்த அக்கா பதறி, “அய்யோ தம்பி, அப்படிச் சொல்லாதீங்க” என்பார். “போயிட்டு வரேன்னு சொன்னா கிராணியம்மா எழுதி வச்சுருவாங்கக்கா, அப்புறம் எனக்குக் கேஸ் நிக்காது” என்பார் இவர்.

அந்த அக்கா சிரிப்பார். எனக்கோ ஒவ்வொரு தடவையும் பயம். “வாயக் கழுவுங்க” என்று மட்டும் சொல்வேன். ஏன் அவ்வளவு பயம் என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

ஒரு புதன்கிழமை மாலை, அலுவலகத்திலிருந்து விசாரணைக்கு ஓர் அதிகாரி வீட்டுக்கே வந்தார். மலாய்ப் பெண்மணி, நாற்பதுக்குள் இருக்கும். வெளிர் நீலத்தில் தலைத்துணி, கையில் தடித்த கோப்பு. காலணியைப் படியில் கழற்றி ஒழுங்காக வைத்துவிட்டு உள்ளே வந்தார். அவருக்குத் தேநீர் வைத்தேன். கோப்பில் என் வாக்குமூலம் மேலாகவே இருந்தது. அந்த ஒரு வரிக்குக் கீழே மஞ்சள் மையில் கோடு இழுத்திருந்தார்கள். பேச்செல்லாம் மலாயில்தான், ஒருவரை ஒருவர் மரியாதையாகப் ‘புவான்’ என்றுதான் கூப்பிட்டுக்கொண்டோம்.

“புவான், ஒங்க கணவர் அன்னிக்கு எங்க போனார்?”

“வேலைக்கு.”

“அப்படி நீங்க எழுதலியே. திரும்பி வரேன்னு சொன்னதா எழுதியிருக்கீங்க. வேலைக்குப் போறவர் எதுக்குத் திரும்பி வரேன்னு சொல்லணும்?”

“நாங்க அப்படித்தான் சொல்லுவோம் புவான். வெளிய கிளம்பறவங்க போறேன்னு சொல்ல மாட்டாங்க. போயிட்டு வரேன்னுதான் சொல்வாங்க.”

“கடைக்குப் போனா?”

“கடைக்குப் போனாலும்.”

“வேலைக்குப் போனா?”

“சிங்கப்பூருக்கே போனாலும்,” என்றார் என் வீட்டுக்காரர். “பாலத்துல நாலு மணி நேரம் ஜாம்ல நின்னாலும், போயிட்டு வரேன்தான்.”

அதிகாரி சிரிக்கவில்லை. மரியாதையாகத்தான் கேட்டுக்கொண்டார். “நீங்க சொல்றது எனக்குப் புரியுது. ஆனா அறிக்கையில நான் எப்படி எழுதறது? திரும்பி வருவேன்னு சொன்னார், அதுக்கு அர்த்தம் வேலைக்குப் போறேங்கறதுன்னு எழுதினா எங்க மேலதிகாரி என்ன கேப்பார்?” என்றார். நியாயமான கேள்வி.

அதிகாரி தாளைத் திருப்பிப் பார்த்தார். “இன்னொண்ணு. மத்த வரியெல்லாம் அளந்து எழுதியிருக்கீங்க. எழுந்தார், குடிச்சார், எடுத்தார். இந்த ஒரு வரிதான் நீளம். அவர் பேசினத எழுதச் சொல்லி யாரும் கேக்கலையே. ஏன் எழுதினீங்க?”

அத்தனை மாதத்தில் என்னை யாரும் அதைக் கேட்கவில்லை. என் சட்டத்தை மீறி நான் ஒரு வரி கூடுதலாக எழுதியிருந்தேன் என்பதை, பாரம் படிக்கத் தெரிந்த இன்னொருத்தி கண்டுபிடித்துவிட்டாள்.

சொன்னேன். அன்று அறுவை அறைக்குள் அவரைத் தள்ளிக்கொண்டு போனபோது கதவருகில் ஒரு நிமிஷம் நிறுத்தினார்கள். முகமெல்லாம் வெளுத்திருந்தது. மருந்து ஏறிக் கண் செருகிக்கொண்டிருந்தது. என்னைத் தெரிந்ததா என்பதே தெரியவில்லை. உதடு மட்டும் அசைந்தது. குனிந்து காதைக் கொடுத்தேன். “போயிட்டு வரேன்மா” என்றார். கதவு மூடிக்கொண்டது. அதற்கு அரை மணி நேரம் கழித்துத்தான் நான் அந்தப் பாரத்தை எழுதினேன்.

“உள்ள இருக்கற மனுஷன் வருவாரா மாட்டாரான்னு தெரியாது புவான். வரேன்னு சொன்னது எங்கயாவது தாள்ல இருக்கணும்னு தோணுச்சு. அதான் எழுதினேன்.”

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். “காலையில கேட் கிட்ட நின்னு அவர் சொன்னப்ப நீங்க என்ன சொன்னீங்க?” என்று கேட்டார்.

“போயிட்டு வாங்கன்னு சொல்லணும். அதான் பதில். நான் சொல்லல. கோவம். மூஞ்சியத் திருப்பிக்கிட்டு கேட்டச் சாத்தினேன். ஆஸ்பத்திரியில சொன்னப்ப, வாயத் தொறக்கறதுக்குள்ள கதவ மூடிட்டாங்க. ரெண்டு தடவ சொன்னார், ரெண்டு தடவையும் நான் பதில் சொல்லல.”

என் வீட்டுக்காரர் அன்றுதான் அதை என் வாயால் கேட்டார். ஊன்றுகோலின் பிடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

அதிகாரி இரண்டு வரி எழுதிக்கொண்டு எழுந்தார். எங்களுக்குச் சாதகமாகவா பாதகமாகவா என்று முகத்திலிருந்து ஒன்றும் தெரியவில்லை. படிக்குப் போய் ஒரு காலணியை மாட்டிக்கொண்டு, திரும்பி, “சாயா ஜாலான் டுலு, யா” என்றார். நான் முதலில் நடக்கிறேன் என்று அர்த்தம். மலாய்க்காரர்கள் விடைபெறும்போது சொல்வது அதுதான். பிறந்ததிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறேன். அன்றைக்குத்தான் காதில் விழுந்தது.

“புவான், ஒங்க காடி வெளிய நிக்குதே,” என்றேன்.

“ஆமா?”

“நடக்கறேன்னு சொன்னீங்க.”

ஒற்றைக் காலணியோடு அவர் அப்படியே நின்றார். கேட்டுக்கு வெளியே நின்ற தன் வெள்ளைக் காடியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். உள்ளேயிருந்து என் வீட்டுக்காரரின் குரல் வந்தது: “நல்ல வேள புவான். இவ கையில பாரம் இருந்திருந்தா, நீங்க ஜொகூர் பாரு வரைக்கும் நடந்தே போனதா எழுதியிருப்பா.”

அப்போதுதான் அந்தம்மாள் சிரித்தார். வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார். பிறகு எங்கள் வாசற்படியிலேயே உட்கார்ந்து, கோப்பை மடியில் விரித்து, நெடுநேரம் எழுதினார். நான் கைப்பையின்மேல் தாளை வைத்து எழுதியது ஞாபகம் வந்தது. என்ன எழுதினார் என்று நான் கேட்கவில்லை. எழுதி முடித்து, “அவர் சொன்ன வார்த்தைய அப்படியே தமிழ்ல சொல்லுங்க” என்றார். சொன்னேன். ஒவ்வொரு எழுத்தாகக் கேட்டு ரூமியில், அதாவது ஆங்கில எழுத்தில், குறித்துக்கொண்டார்.

அந்த ஒரு வரி கோப்பை மூடி வைத்திருந்ததால் அதுவரை யாரும் மேற்கொண்டு தேடவில்லை. அந்த அதிகாரி தேடினார். மறு வாரமே கம்பெனிக்கு நேரில் போனாராம். அந்தச் சனிக்கிழமை வேலைக்கு வந்தவர்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டுக் கேட்டாராம். அதில் ஒருவர், தன் பெயர் இருக்கிறது என்று வீட்டில் காட்டுவதற்காக வெள்ளைப் பலகையைத் தொலைபேசியில் படம் எடுத்து வைத்திருந்தார். அவர் பெயருக்கு இரண்டு பெயர் மேலே என் வீட்டுக்காரர் பெயர் இருந்தது. ஒன்றரை மாதத்தில் இன்னொரு கடிதம் வந்தது, வேலைக்குச் செல்லும் வழியில் நேர்ந்த விபத்து என்று. அதை நான் ஒளித்து வைக்கவில்லை. கேட்டில் நின்று படித்துவிட்டு, அங்கேயே நின்று அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டேன். கல்யாணமானதிலிருந்து நான் அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. பயந்துபோய் ஊன்றுகோல் இல்லாமலே கூடம் வரைக்கும் நொண்டி வந்துவிட்டார்.

அதற்குப் பிறகு மருத்துவக் குழுவின் முன்னால் உட்கார வேண்டியிருந்தது. போன காலுக்கு இத்தனை விழுக்காடு ஊனம் என்று அவர்கள் கணக்குப் போட்டுச் சொன்னார்கள். ஒரு மனுஷரை விழுக்காட்டில் சொல்வது எனக்கு என்னவோ மாதிரி இருந்தது. அவர் அதையும் விடவில்லை. திரும்பி வரும் வழியில், “அவங்க கணக்கு போக மிச்சம் இருக்கற பெர்சென்ட் ஒனக்கு. கொறச்சுக் கேட்டாத் தர மாட்டேன்” என்றார்.

மலாக்காவில் மறுவாழ்வு மையத்தில் தங்கிக் கால் பழகினார். முதல் தடவை அந்தக் காலோடு வீட்டுக்கு வந்த சனிக்கிழமை, நான் கேட்காமலே, விடுமுறைக்கு வந்திருந்த மகளைக் காடி ஓட்டச் சொல்லி ஆயர் ஈத்தாமுக்குக் கூட்டிப்போனார். தொட்டிக் கடையில் வரிசை வரிசையாக நடந்து, ஒவ்வொரு தொட்டியையும் விரலால் தட்டித் தட்டிப் பார்த்தார். பிறகு தன் செயற்கைக் காலையும் ஒரு தட்டுத் தட்டி, “இதுதான் நல்ல சத்தம்” என்று கடைக்காரச் சீனரிடம் சொன்னார். கடைக்காரர் உடனே விலையைக் குறைத்தார். மல்லிகை இப்போது அந்தத் தொட்டியில்தான் இருக்கிறது.

கம்பெனியில் அவருக்குக் கிடங்கில் சாமான் எடுத்துக் கொடுக்கிற வேலை தந்தார்கள். உட்கார்ந்தும் நின்றும் செய்யலாம். கம்பெனி வேன் வந்து அழைத்துப் போகும். முதல் நாள் காலையில் நான் ஐந்து மணிக்கே எழுந்து கம்பெனிச் சட்டையைத் தேய்த்தேன். ஒரு சட்டைகூட வாளியில் இல்லை. காப்பியைச் சத்தமில்லாமல் வைத்தேன். அவர் அதைக் கவனித்துக்கொண்டே குடித்தார்.

வேன் வந்து கேட்டுக்கு வெளியே நின்றது. அவர் சுவரைப் பிடித்துப் படியில் ஒவ்வொரு காலாக இறங்கினார். இத்தனை மாதம் விளையாட்டுக்குச் சொல்லிப் பழகிய வாய், இப்போதும் ‘போறேன்’ என்று சொல்லிவிடுமோ என்று எனக்குப் பயம். கேட்டருகில் போய் நின்று திரும்பினார். என் முகத்தைப் பார்த்ததும் அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

“எழுதிக்க,” என்றார். “வேலைக்கு. போயிட்டு வரேன்.”

“போயிட்டு வாங்க,” என்றேன்.

ஒரு தடவை சொன்னது போதவில்லை. வேன் கதவு மூடுவதற்குள் இன்னொரு தடவையும், தெரு திரும்புவதற்குள் இன்னொரு தடவையும் சொன்னேன். மூன்றாவது தடவை பக்கத்து வீட்டு அக்கா ஜன்னலைத் திறந்து பார்த்தார். கேட்டைச் சாத்தாமல் பள்ளிக்குப் போய்விட்டேன்.

சாயங்காலம் ஐந்தே முக்காலுக்கு வந்தார்.